யூஎஸ்பி சவுண்ட் கார்டு கொதிக்கிறதா? ஹீட் சிங்க் ஒட்டும் முன் கரண்ட்டை அளந்து பாருங்கள்

பச்சை ஜாக் ஒன்று, ரோஸ் ஜாக் ஒன்று, ஓரத்தில் மினுக்கும் சின்ன எல்இடி. லேப்டாப்பின் ஆடியோ ஜாக் பழுதானதும் நாம் தேடிப் போகும் யூஎஸ்பி சவுண்ட் கார்டு பெரும்பாலும் இந்த உருவத்தில்தான் கிடைக்கிறது. உள்ளே சி-மீடியா நிறுவனத்தின் சிஎம்108 சிப்போ, அதே வேலையைச் செய்யும் வேறொரு சிப்போ இருக்கும். சிஎம்108 என்றால் 7 மி.மீ. சதுரம், 48 கால்கள். கம்ப்யூட்டரோடு யூஎஸ்பியில் பேசுவது, டிஜிட்டலை அனலாகாக மாற்றுவது, மைக்கின் ஒலியை வாங்குவது, ஹெட்போனை ஓட்டுவது, 5 வோல்ட்டை 3.3 வோல்ட்டாகக் குறைப்பது என்று அத்தனையும் அந்த ஒரே சிப்பின் தலையில். ஆகவே வெதுவெதுப்பாக இருப்பது அதற்கு இயல்பு. தொட முடியாமல் கொதிப்பது இயல்பு அல்ல.

சூடாகிறது என்றதும் பலர் முதலில் செய்வது, சூட்டை வாங்கிக் காற்றில் விடும் உலோகத் துண்டான ஹீட் சிங்க்கை வாங்கி ஒட்டுவது. அது கடைசியாகச் செய்ய வேண்டிய வேலை. சிப்பில் உண்டாகும் சூடு எல்லாம் யூஎஸ்பியின் சிவப்பு ஒயர் வழியாக வரும் கரண்ட்டிலிருந்துதான் வருகிறது. கரண்ட் அளவுக்கு மீறினால், அது எந்த வழியாகப் போகிறது என்று கண்டுபிடித்து அடைக்க வேண்டும். அடைத்துவிட்டால் சாதாரண கார்டுகளுக்கு ஹீட் சிங்க்கே வேண்டியிருக்காது. அடைக்காமல் ஒட்டினால் ஷார்ட்டுக்கு மேல் அலுமினியம் வைத்ததுதான் மிச்சம்.

எவ்வளவு சூடு சரி?

விரலே முதல் தெர்மாமீட்டர். 45 டிகிரி செல்சியஸில் சிப்பின் மேல் விரலை வைத்துக்கொண்டே இருக்கலாம். 55-ஐ நெருங்கினால் சில நொடிதான் தாங்கும். 65-ஐத் தாண்டினால் தொட்டதும் கை தானாக விலகிவிடும். தொடாமலே சூட்டை அளக்கும் ஐஆர் தெர்மாமீட்டர் வைத்திருந்தால் பளபளக்கும் உலோகத்தின் மேல் காட்டாதீர்கள்; உண்மையைவிடக் குறைவாகத்தான் காட்டும். சிப்பின் மேல் ஒரு துண்டு கறுப்பு இன்சுலேஷன் டேப்பை ஒட்டி அதன் மேல் காட்டுங்கள். இன்னொன்று: துப்பாக்கி வடிவ ஐஆர் மீட்டர் ஒரு வட்டப் பரப்பின் சராசரியைத்தான் எடுக்கிறது. சிப் 7 மி.மீ.தான் என்பதால், மீட்டரை அதன் முகத்துக்கு ஒட்டினாற்போலக் கொண்டுபோக வேண்டும். மல்டிமீட்டரோடு வரும் தெர்மோகப்பிள் ஒயரை (நுனியில் சூட்டை உணரும் ஒயர்) காப்டன் என்ற சூடு தாங்கும் டேப்பால் சிப்பின் மேல் ஒட்டுவது இதைவிட நம்பகமானது.

வெறும் டிகிரியை மட்டும் குறித்துக்கொள்ளாதீர்கள். அறையின் சூட்டையும் அளந்து இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை எழுதுங்கள். ஏசி அறையில் 24 டிகிரியில் 44 காட்டும் கார்டு, சித்திரை வெயிலில் 38 டிகிரி அறையில் 58 காட்டும். கார்டில் எதுவும் மாறவில்லை. வித்தியாசம் இரண்டிலும் 20 டிகிரிதான். மூடிய நிலையில் 15 முதல் 25 டிகிரி வித்தியாசம் வந்தால் சாதாரண கார்டுக்குக் கவலை வேண்டாம். 35-ஐத் தாண்டினால் காரணம் தேட வேண்டும்.

கரண்ட்டை அளப்பது

யூஎஸ்பி டெஸ்டர் வாங்குவதாக இருந்தால் 1 மில்லி ஆம்பியர் வரை காட்டுவதாகப் பார்த்து வாங்குங்கள். 10 மில்லி ஆம்பியர் படியில் காட்டுவது இந்த வேலைக்குக் கரடுமுரடு. டெஸ்டர் இல்லையென்றால் ஒரு பழைய யூஎஸ்பி எக்ஸ்டென்ஷன் கேபிள் போதும். நடுவில் 3 செ.மீ. அளவுக்கு வெளித்தோலை மட்டும் உரித்து, உள்ளே உள்ள நான்கில் சிவப்பை மட்டும் வெட்டி, இரு முனையிலும் ஈயம் பூசுங்கள். கறுப்பு கிரவுண்ட், பச்சையும் வெள்ளையும் டேட்டா, அவற்றைத் தொடவேண்டாம். மல்டிமீட்டரை ஆம்பியரில் வைத்து வெட்டிய இரு முனைகளுக்கும் நடுவே இணையுங்கள். முதலில் 10 ஆம்பியர் ரேஞ்ச். 0.20-க்குக் கீழே இருப்பது உறுதியான பிறகு 200 மில்லி ஆம்பியர் ரேஞ்சுக்கு இறங்குங்கள். எடுத்த எடுப்பில் 200-ல் வைத்து, கார்டு ஷார்ட்டாக இருந்துவிட்டால் மீட்டரின் ஃபியூஸ் போய்விடும்.

மூன்று நிலையில் அளக்க வேண்டும், ஒவ்வொன்றிலும் பத்து நிமிடம் விட்டு. முதல் நிலை: கார்டு கம்ப்யூட்டரில் இருக்கிறது, ஜாக்கில் எதுவும் இல்லை, பாட்டு ஓடவில்லை. இரண்டாவது: வழக்கமாகச் செருகும் ஹெட்போனையோ ஸ்பீக்கர் கேபிளையோ செருகியாயிற்று, இன்னும் பாட்டு ஓடவில்லை. மூன்றாவது: 1 கிலோஹெர்ட்ஸ் டோன் ஒன்றை 60 சதவீத வால்யூமில் ஓட விடுகிறோம். முழு வால்யூம் வேண்டாம் என்பதற்குக் காரணம் இருக்கிறது. ஹெட்போனை ஓட்டும் கிளாஸ் ஏபி வகை ஆம்ப்ளிஃபயர், சைன் அலையில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு உயரத்தில் ஓடும்போதுதான் தனக்குள் அதிகச் சூட்டை வைத்துக்கொள்கிறது. முழு வால்யூமில் லோடுக்கு, அதாவது ஜாக்கில் இணைத்த ஹெட்போனுக்கோ ஸ்பீக்கருக்கோ, போகும் பங்கு கூடிவிடும். டோன் ஓடும்போது ஹெட்போனைக் காதில் வைத்திருக்காதீர்கள்.

சிஎம்108 ரகக் கார்டு முதல் நிலையில் பொதுவாக 30 முதல் 60 மில்லி ஆம்பியர் எடுக்கும். 50 என்று வைத்தால் 5 வோல்ட்டுக்கு 0.25 வாட். முதல் நிலையிலேயே 100-ஐத் தாண்டினால் கோளாறு போர்டில் இருக்கிறது. முதல் நிலையில் சரியாக இருந்து, பிளக் செருகியதுமே ஏறினால் டிசி கரண்ட் எங்கோ கசிகிறது. பாட்டு ஓடும்போது மட்டும் ஏறினால் லோடு தவறு. இந்த ஒரு பிரிப்பிலேயே பாதி வேலை முடிந்துவிடும்.

மைக் ஜாக்கைச் சந்தேகித்து நேரத்தை வீணாக்க வேண்டாம். மைக்குக்கான மின்சாரம் 2.2 கிலோ ஓம் போன்ற ஒரு ரெசிஸ்டர் வழியாக வருவதால், முழுதாக ஷார்ட் ஆனாலும் 2 மில்லி ஆம்பியருக்கு மேல் போகாது. அதனால் கார்டு சூடாகாது.

பாட்டு ஓடும்போது மட்டும் சூடு

நம் ஊரில் இதற்கு அதிகமாகக் காரணமாகும் பொருள் மோனோ பிளக். கல்யாண மண்டபத்திலோ கோயில் திருவிழாவிலோ லேப்டாப்பிலிருந்து மைக் செட் ஆம்ப்ளிஃபயருக்குப் பாட்டைக் கொடுக்கும்போது பாருங்கள். ஆம்ப்ளிஃபயர் மோனோ, கேபிளும் மோனோ. பிளக்கைக் கையில் எடுத்து வெளிச்சத்தில் பாருங்கள். உலோகத்தில் கறுப்புக் கோடு ஒன்றுதான் இருக்கிறதா, இரண்டு இருக்கிறதா? இரண்டு இருந்தால் ஸ்டீரியோ: நுனி இடது சேனல், நடு ரிங் வலது சேனல், அடி கிரவுண்ட். ஒன்றுதான் என்றால் மோனோ: நுனியைத் தவிர மற்றதெல்லாம் கிரவுண்ட். அதை ஸ்டீரியோ ஜாக்கில் செருகினால் வலது சேனலின் வெளியீடு நேராகக் கிரவுண்டில் உட்காருகிறது. பாட்டு ஓடும் ஒவ்வொரு நொடியும் வலது சேனலின் ஆம்ப்ளிஃபயர் ஒரு ஷார்ட்டை ஓட்டிக்கொண்டிருக்கிறது. இடது சேனல் ஒழுங்காகக் கேட்பதால் யாருக்கும் சந்தேகம் வருவதில்லை. கேபிளின் மறுமுனை மட்டும் மோனோவாக இருந்தாலும் இதே கதை நடக்கலாம். ஆகவே ஆம்ப்ளிஃபயர் பக்கத்தைச் செருகிய நிலையில், கார்டு பக்கப் பிளக்கின் ரிங்குக்கும் அடிக்கும் நடுவே மல்டிமீட்டரின் பீப் ரேஞ்சில் கன்டினியூட்டி (தொடர்பு இருக்கிறதா என்று) பாருங்கள். பீப் வந்தால் ஷார்ட்.

அடுத்தது, ஸ்டீரியோவை மோனோவாக்க இடது, வலது ஒயர்களை ஒன்றாக முறுக்கிப் பற்றவைப்பது. இடது பக்கம் மேலே தள்ளும்போது வலது பக்கம் கீழே இழுத்தால் இரண்டு ஆம்ப்ளிஃபயரும் ஒன்றோடொன்று மல்லுக்கட்டும். பாட்டில் இரு பக்கமும் எவ்வளவு வேறுபடுகிறதோ அவ்வளவு சூடு.

இரண்டுக்கும் மருந்து ஒன்றே. ஸ்டீரியோ பிளக் ஒன்று, 1 கிலோ ஓம் கால் வாட் ரெசிஸ்டர் இரண்டு. நுனியிலிருந்து ஒரு ரெசிஸ்டர், ரிங்கிலிருந்து ஒரு ரெசிஸ்டர். இரண்டின் மறுமுனைகளையும் சேர்த்து ஷீல்டு ஒயரின் நடுக் கம்பியில் பற்றவையுங்கள். ஷீல்டு பிளக்கின் அடிக்கு. ரெசிஸ்டர்களின் கால்கள் மேல் ஸ்லீவிங் (இன்சுலேஷன் குழாய்) போடாமல் பிளக் மூடியைத் திருகினால் ரிங் மறுபடி கிரவுண்டைத் தொட்டுவிடும். இந்த வேலை கெட்டுப்போவது பெரும்பாலும் அந்த ஒரு இடத்தில்தான். ஆம்ப்ளிஃபயரின் உள்ளீடு 10 கிலோ ஓமுக்கு மேல் இருந்தால் வால்யூம் குறைந்ததாகவே தெரியாது. இனி மறுமுனையில் என்ன ஷார்ட் ஆனாலும் ஒவ்வொரு சேனலும் 1 கிலோ ஓமைத்தான் பார்க்கும்.

மூன்றாவது, பழைய டிவியிலிருந்தோ ரேடியோவிலிருந்தோ எடுத்த 4 ஓம், 8 ஓம் ஸ்பீக்கரை நேராக ஜாக்கில் இணைப்பது. 3.3 வோல்ட்டில் ஓடும் கிளாஸ் ஏபி ஆம்ப்ளிஃபயர், கணக்குப்படி 32 ஓம் ஹெட்போனுக்கு ஒரு சேனலில் அதிகபட்சம் 17 மில்லி வாட்டைத் தனக்குள் சூடாக்கும். 16 ஓமுக்கு 35. 8 ஓமுக்கு 69. 4 ஓமுக்கு 138. இரண்டு சேனலுக்கும் சேர்த்தால் 0.28 வாட், அதாவது சிப் சும்மா இருக்கும்போது வெளியிடும் சூட்டுக்கு மேல் இன்னொரு மடங்கு. அவ்வளவு கரண்ட்டைச் சிப்பே மறுத்துவிட்டால் ஒலி உடைந்து கரகரக்கும். ஸ்பீக்கருக்குப் பாம்8403 போன்ற சின்ன ஆம்ப்ளிஃபயர் மாட்யூல் ஒன்றை நடுவில் போடுங்கள். சென்னை ரிச்சி தெரு எலெக்ட்ரானிக்ஸ் கடைகளில் கிடைக்கும். அதற்கு 5 வோல்ட்டைத் தனி சார்ஜரிலிருந்து கொடுங்கள், சவுண்ட் கார்டு இருக்கும் போர்ட்டிலிருந்து எடுக்க வேண்டாம். அதன் ஸ்பீக்கர் முனைகளில் எதையும் கிரவுண்டோடு சேர்க்கவும் கூடாது. அந்த மாட்யூலின் இரண்டு முனையும் உயிருள்ள வெளியீடு.

பிளக் செருகினாலே சூடு, பாட்டு வேண்டாம்

மல்டிமீட்டரை டிசி வோல்ட்டில் வைத்து, ஜாக்கில் ஒரு வெற்றுப் பிளக்கைச் செருகி மூன்று இடத்தில் அளங்கள்: நுனிக்கும் அடிக்கும் நடுவே, ரிங்குக்கும் அடிக்கும் நடுவே, பிறகு பிளக்கின் அடிக்கும் யூஎஸ்பியின் உலோகக் கூட்டுக்கும் நடுவே.

முதல் இரண்டும் சில மில்லி வோல்ட்டுக்குள் இருக்க வேண்டும். ஒன்றில் 1.6 வோல்ட்டுக்குப் பக்கத்தில் காட்டினால் அந்தச் சேனலின் வெளியீட்டுக் கெபாசிட்டர் கசிகிறது அல்லது ஷார்ட் ஆகிவிட்டது. 32 ஓம் ஹெட்போனில் அது 50 மில்லி ஆம்பியர். பாட்டே இல்லாமல் கார்டின் கரண்ட் இரண்டு மடங்காகும், ஹெட்போனின் கம்பிச் சுருளும் சேர்ந்து சூடாகும். ஜாக்குக்குப் பக்கத்தில் உள்ள 100 அல்லது 220 மைக்ரோ ஃபாரட் எலக்ட்ரோலிட்டிக் கெபாசிட்டரைக் கழற்றிப் புதியது போடுங்கள், 6.3 வோல்ட்டோ 10 வோல்ட்டோ போதும். பிளஸ் கால் சிப் பக்கம், மைனஸ் கால் ஜாக் பக்கம். தலைகீழாகப் போட்டால் புதியதும் கொஞ்ச நாளில் கசியத் தொடங்கும்.

மூன்றாவது அளவீடுதான் பலர் தவறவிடுவது. சில கார்டுகளில் வெளியீட்டுக் கெபாசிட்டரே இருக்காது. செலவையும் இடத்தையும் மிச்சப்படுத்த, ஜாக்கின் அடியைக் கிரவுண்டில் வைக்காமல் சப்ளையின் பாதி வோல்ட்டில் வைத்திருப்பார்கள். ஹெட்போன் மட்டும் செருகினால் அதில் ஒரு குறையும் இல்லை, ஏனெனில் ஹெட்போனுக்கு வேறு எங்கும் கிரவுண்ட் கிடையாது. அதே ஜாக்கை, கம்ப்யூட்டரோடு கிரவுண்டைப் பகிர்ந்துகொள்ளும் ஆம்ப்ளிஃபயரோடு இணைத்தால், அந்தப் பாதி வோல்ட் கேபிளின் ஷீல்டு வழியாக நேராகக் கிரவுண்டுக்கு ஷார்ட் ஆகிறது. சிப் கொதிக்கும், ஒலியும் மெலிந்து கரகரக்கும். ஹெட்போனில் அருமையாகப் பாடிய கார்டு ஸ்பீக்கரில் மட்டும் சூடாகிறது என்றால் இதைத்தான் முதலில் நினைக்க வேண்டும். அடிக்கும் யூஎஸ்பி கூட்டுக்கும் நடுவே 1.5 முதல் 2.5 வோல்ட் காட்டினால் உறுதி. 600க்கு 600 ஓம் ஆடியோ டிரான்ஸ்ஃபார்மர் சேனலுக்கு ஒன்று வைத்துப் பிரித்துவிடலாம். அல்லது அந்தக் கார்டை ஹெட்போனுக்கு மட்டும் வைத்துக்கொண்டு ஆம்ப்ளிஃபயருக்கு வேறு கார்டு வாங்கலாம். இரண்டாவதுதான் மலிவு.

டிசி எல்லாம் சரியாக இருந்தும் நீண்ட கேபிளைச் செருகினால் மட்டும் கரண்ட் ஏறுகிறதா? கேபிளின் மறுமுனையில் எதையும் இணைக்காமல் அளந்து பாருங்கள். அப்போதும் ஏறினால் வெளியீடு காதுக்குக் கேட்காத உயர்ந்த அதிர்வெண்ணில் தானாக அலைகிறது. ஷீல்டு கேபிள் ஒரு மீட்டருக்கு 100 பிக்கோ ஃபாரட் அளவில் கெபாசிட்டராக வேலை செய்யும். 10 மீட்டர் என்றால் 1 நானோ ஃபாரட். சில ஆம்ப்ளிஃபயர்கள் அதைத் தாங்குவதில்லை. கார்டுக்கு எவ்வளவு பக்கத்தில் முடியுமோ அவ்வளவு பக்கத்தில் ஒவ்வொரு சேனலிலும் தொடராக 100 ஓம் போடுங்கள். மேலே சொன்ன 1 கிலோ ஓம் கேபிள் ஏற்கனவே இருந்தால் இந்தத் தொல்லையும் அதிலேயே தீர்ந்திருக்கும்.

ஒன்றும் செருகாமலே சூடு

இனி கார்டைத் திறக்க வேண்டும். பிளாஸ்டிக் கூட்டின் விளிம்புக் கோட்டில் ஹேர் டிரையரால் ஒரு நிமிடம் சூடு காட்டி, மெல்லிய பிளாஸ்டிக் பட்டையை நுழைத்து மெல்லத் திருகினால் கொக்கிகள் ஒவ்வொன்றாக விடும். கத்தியை நுழைத்தால் அது சறுக்கிப் போய் நிற்கும் இடம் பெரும்பாலும் கிரிஸ்டல் அல்லது உங்கள் கட்டைவிரல்.

போர்டைப் பார்த்ததும் சிப்பைச் சுற்றிப் பழுப்பேறியிருக்கிறதா என்று பாருங்கள். நெடுநாள் சூட்டின் தழும்பு அது. 48 கால் சிப்புக்குப் பதில் கறுப்பு எபாக்சித் துளி ஒன்று இருந்தால், சிப் நேராகப் போர்டில் ஒட்டப்பட்டிருக்கிறது. அதைக் கழற்றவோ மாற்றவோ முடியாது. சுற்றியுள்ள பாகங்களை மட்டும் சோதிக்கலாம்.

கார்டு எதிலும் செருகாத நிலையில், யூஎஸ்பி பிளக்கின் ஓரத்தில் உள்ள இரண்டு நீண்ட பட்டைகளுக்கு நடுவே ஓம் அளங்கள். அவைதான் 5 வோல்ட்டும் கிரவுண்டும். பிறகு சிப்புக்கு அருகில் உள்ள 3.3 வோல்ட் கெபாசிட்டரின் இரு முனைக்கும் நடுவே அளங்கள். நல்ல போர்டில் எண் மெல்ல ஏறி நூற்றுக்கணக்கான ஓமுக்கோ கிலோ ஓமுக்கோ போகும். 10, 20 ஓமுக்குக் கீழே நின்றுவிட்டால் ஷார்ட். பெரும்பாலும் காரணம் உடைந்த செராமிக் கெபாசிட்டர். இந்தக் கார்டுகள் போர்ட்டிலிருந்து வெளியே நீட்டிக்கொண்டிருப்பதால் கை பட்டு, பை பட்டு வளைகின்றன. போர்டு வளைந்தால் அதன் மேல் இருக்கும் செராமிக் விரிசல் விடும். விரிசலில் உள் அடுக்குகள் ஒன்றையொன்று தொடும். வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது.

எது என்று கண்டுபிடிக்க, கரண்ட் லிமிட் வைக்கக்கூடிய பவர் சப்ளையில் 1 வோல்ட், 0.5 ஆம்பியர் வைத்து, ஷார்ட் ஆன அந்த லைனுக்குக் கொடுங்கள். வோல்ட்டை அதற்கு மேல் ஏற்றாதீர்கள். 1 வோல்ட்டில் நல்ல சிப்புக்கு ஒன்றும் ஆகாது. கொடுப்பதற்கு முன் போர்டு முழுவதும் ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலை மெல்லியதாகத் தடவிவிடுங்கள். எந்த இடம் முதலில் காய்கிறதோ அதுதான் குற்றவாளி. கண்ணை எடுக்காமல் பார்க்க வேண்டும், சில நொடியில் முடிந்துவிடும். பக்கத்தில் சால்டரிங் அயர்ன் சூடாக இருக்கக் கூடாது; ஆல்கஹால் ஆவி தீப்பிடிக்கும்.

கெபாசிட்டர் முதலில் காய்ந்தால் நல்ல செய்தி. கழற்றிவிட்டு மறுபடி ஓம் அளங்கள். ஷார்ட் போய்விட்டால் அந்த இடத்துக்கு 100 நானோ ஃபாரட், 16 வோல்ட், எக்ஸ்7ஆர் வகை. ரெகுலேட்டர் வெளியீட்டில் உள்ள பெரியது என்றால் 10 மைக்ரோ ஃபாரட். அயர்ன் 330 டிகிரி, 63க்கு 37 ஈயம், கொஞ்சம் ஃப்ளக்ஸ், ஒரு முனைக்கு இரண்டு நொடி. சிப்பின் நடு முதலில் காய்ந்தால் சிப் உள்ளேயே போய்விட்டது. ஸ்டேடிக் அடித்தோ, அதிக வோல்ட் ஏறியோ உள்ளே ஒரு பாதை நிரந்தரமாகத் திறந்துகொண்டிருக்கும். அதை எந்த ஹீட் சிங்க்கும் காப்பாற்றாது. புதுக் கார்டின் விலையைப் பார்த்தால் 48 கால் சிப்பை மாற்றிப் பற்றவைப்பது, கை பழகுவதற்காக மட்டும் செய்யத் தகுந்த வேலை.

ஷார்ட் இல்லை, கால்களும் இல்லை, சிப்பின் அடிவயிற்றில் உலோகத் தகடு இருக்கும் க்யூஎஃப்என் வகை என்றால், அந்தத் தகடு போர்டில் சரியாக ஒட்டாமல் இருக்கலாம். அந்த வகையில் சூடு இறங்கும் முக்கிய வழியே அதுதான். போர்டின் பின்பக்கம் சிப்புக்கு நேர் கீழே துளைகள் இருந்தால், ஃப்ளக்ஸ் விட்டு அங்கிருந்து ஈயத்தை உருக்கி இறக்கலாம். ஹாட் ஏர் இருந்தால் மேலிருந்து ஒரு முறை உருக்கி உட்கார வைக்கலாம். பிளாஸ்டிக் ஜாக்கை அதற்கு முன் காப்டன் டேப்பால் மூடிவிடுங்கள்.

சப்ளை வோல்ட் கூடியதா என்று எல்லோரும் கேட்பார்கள். அளந்து பாருங்கள், ஆனால் சூட்டில் அதன் பங்கு சின்னது. 5 வோல்ட்டில், 50 மில்லி ஆம்பியரில், உள்ளே இருக்கும் ரெகுலேட்டர் மட்டும் 1.7 வோல்ட்டைத் தின்று 0.085 வாட்டைச் சூடாக்குகிறது. 5.5 வோல்ட்டானால் 0.11. கூடுவது 0.025 வாட்தான். 5.5-க்கும் மேலே காட்டும் ஹப்பை மாற்றச் சொல்வது சூட்டுக்காக அல்ல, சிப்பின் உயிருக்காக.

கரண்ட் சரி, சூடு மட்டும் தங்குகிறது

இங்கே வந்த பிறகுதான் ஹீட் சிங்க்கைப் பற்றிப் பேச வேண்டும், அதுவும் பாதிதான் உண்மை. மூடிய பிளாஸ்டிக் கூட்டுக்குள் ஒட்டிய ஹீட் சிங்க், சிப்பின் சூட்டைக் கூட்டுக்குள் இருக்கும் காற்றுக்கு மாற்றுகிறது, அவ்வளவுதான். அந்தக் காற்றுக்கு வெளியே போக வழி இல்லை. 2 மி.மீ. காற்று இடைவெளி, 7 மி.மீ. சதுரப் பரப்பில், ஒரு வாட்டுக்கு 1500 டிகிரிக்கு மேல் தடுக்கிறது. அதே இடைவெளியில் 3 வாட் (W/mK) தரமுள்ள, சூட்டைக் கடத்தும் மெத்தைத் துண்டான தெர்மல் பேட் வைத்தால் 14 டிகிரிதான். ஆகவே சிப்புக்கும் கூட்டுக்கும் நடுவே பேடைத் திணிப்பது, உள்ளே ஹீட் சிங்க் ஒட்டுவதைவிடப் பலமடங்கு பயன் தரும்.

இடைவெளியை அளக்க ஒரு சின்ன உருண்டை களிமண்ணையோ சப்பாத்தி மாவையோ பாலித்தீன் தாளில் சுற்றிச் சிப்பின் மேல் வைத்துக் கூட்டை மூடித் திறங்கள். நசுங்கிய தடிமனை அளந்து, அதைவிட 20 முதல் 30 சதவீதம் தடித்த பேடை வாங்குங்கள். 1.6 மி.மீ. வந்தால் 2 மி.மீ. பேட். அதற்கு மேல் தடித்தால் கூடு மூடாது, மூடினாலும் போர்டு வளைந்து மேலே சொன்ன செராமிக் விரிசல் வரும். கூட்டின் வெளிப்புறத்தில் பேடுக்கு நேராக 20க்கு 30 மி.மீ. செம்புத் தகடோ அலுமினியப் பட்டையோ தெர்மல் டேப்பால் ஒட்டினால் சூடு ஒரே இடத்தில் குவியாமல் பரவும்.

48 கால் சிப்பில் சூடு பெரும்பாலும் கால்கள் வழியாகத்தான் போர்டின் செம்புக்கு இறங்குகிறது. போர்டே தபால்தலை அளவு என்பதால் அந்தச் செம்பு சீக்கிரம் நிரம்பிவிடும். போர்டின் கிரவுண்ட் பரப்பில் பச்சைப் பூச்சைச் சுரண்டி, 0.3 மி.மீ. செம்புத் தகட்டுத் துண்டு ஒன்றைப் பற்றவைத்து, அதன் மறுமுனையை யூஎஸ்பி பிளக்கின் கூட்டோடு சேர்க்கலாம், இரண்டும் போர்டில் ஏற்கனவே இணைந்திருந்தால் மட்டும். தகட்டின் மற்ற பக்கத்துக்குக் காப்டன் டேப்.

கூட்டில்லாமல் பயன்படுத்தும் போர்டுக்கு ஹீட் சிங்க் ஒட்டலாம். 3டி பிரிண்டர் டிரைவருக்கு விற்கும் 9 மி.மீ. சதுரம் சிப்பின் உடலைவிட ஒரு மி.மீ. எல்லாப் பக்கமும் வெளியே நீட்டும். சாய்ந்தால் கால்களைத் தொட்டு ஷார்ட் ஆகும். 6.5 அல்லது 7 மி.மீ. சதுரம் வாங்குங்கள். சிப்பின் முகத்தை ஆல்கஹாலில் துடைத்து, தெர்மல் டேப்பில் ஒட்டி, அரை நிமிடம் அழுத்திப் பிடியுங்கள். வினிகர் வாசனை அடிக்கும் சிலிக்கான் பசையைப் போர்டின் பக்கம் கொண்டுவராதீர்கள். அதிலிருந்து வரும் அசிட்டிக் அமிலம் செம்பை அரிக்கும். குளூ கன் பசை சூட்டைத் தடுத்து வைப்பதோடு தானும் இளகிவிடும்.

ஹை-ரெஸ் டாங்கிள், ராஸ்பெர்ரி பை

யூஎஸ்பி-சி நுனியோடு வரும் இரட்டை டாக் சிப் (டிஜிட்டலை அனலாகாக மாற்றும் சிப்) டாங்கிள்கள் 100 மில்லி ஆம்பியரைத் தாண்டுவது வழக்கம். 150 என்றால் 0.75 வாட். 40க்கு 22க்கு 10 மி.மீ. கூட்டின் மொத்தப் பரப்பு 30 சதுர செ.மீ.; அசையாத காற்றில் அந்தப் பரப்பு இந்தச் சூட்டை வெளியேற்ற அறையைவிடச் சுமார் 25 டிகிரி ஏறியாக வேண்டும். அந்த ரகத்தில் வெதுவெதுப்பு வடிவமைப்பிலேயே இருக்கிறது. கம்ப்யூட்டரின் சவுண்ட் அமைப்பில் 384 கிலோஹெர்ட்ஸ் என்று வைத்திருந்தால் 48-க்கு இறக்குங்கள். டிஜிட்டல் பகுதியின் கரண்ட் கடிகார வேகத்தோடு சேர்ந்து குறையும். சிஎம்108-ல் அப்படி இறக்க எதுவும் இல்லை, அது ஓடுவதே 44.1, 48 கிலோஹெர்ட்ஸ்தான்.

ராஸ்பெர்ரி பை என்ற சின்னக் கம்ப்யூட்டர் போர்டில் நாள் முழுக்க ஓடும் கார்டு, பல நேரம் பையின் சூட்டையே வாங்கிக்கொள்கிறது. போர்ட்டின் உலோகக் கூடு வழியாகச் சூடு இரு திசையிலும் போகும். 15 முதல் 30 செ.மீ. எக்ஸ்டென்ஷன் கேபிளில் கார்டைத் தள்ளி வைத்து அளந்து பாருங்கள். லேப்டாப்பின் காற்று வெளியேறும் பக்கத்தில் போர்ட் இருந்தாலும் இதே வழிதான்.

எல்லாம் முடிந்ததும் கூட்டை மூடி, வழக்கமான கேபிளைச் செருகி, மின்விசிறியை நிறுத்திய அறையில் இரண்டு மணி நேரம் பாட்டு ஓட விடுங்கள். அரை மணிக்கு ஒரு முறை கரண்ட்டையும் சிப்பின் சூட்டையும் அறையின் சூட்டையும் எழுதுங்கள். முதல் அரை மணிக்குப் பிறகு வித்தியாசம் ஒரே எண்ணில் நிற்க வேண்டும். கரண்ட் மாறாமல் வித்தியாசம் மட்டும் ஏறிக்கொண்டே போனால் பேட் சரியாக உட்காரவில்லை, திறந்து பாருங்கள். கரண்ட்டும் சேர்ந்து ஏறினால் சிப் சூட்டில் தடம் புரள்கிறது; அந்தக் கார்டை வேலையிலிருந்து எடுத்துவிடுங்கள்.